கடலில் போட்ட ஒட்டு

உலகத்தில் இருக்கிற மலைத்தொடர் அத்தனையும் எனக்கு அத்துப்படி. ஆனால் எல்லாம் குழியாகத்தான் தெரியும்.

சிரிக்க வேண்டாம், என் பிழைப்பு அப்படி. மலைகள் கைக்குத் தட்டுப்படும்படி புடைத்து நிற்கும் உலக உருண்டைகளைச் செய்கிற பட்டறையில் நான் அச்சு வெட்டுகிறேன். குனிந்தால் தலை உள்ளே போகிற அளவுக்கு இரண்டு பிளாஸ்டர் கிண்ணங்கள். இயந்திரம் கண்டங்களை மொத்தமாகக் குடைந்து கொடுத்துவிடும். முகடுகளைக் கூராக்குவது என் உளி. உருண்டையில் எங்கே மலை எழும்ப வேண்டுமோ, அங்கே கிண்ணத்துக்குள் நான் குழி வெட்ட வேண்டும். மலை எவ்வளவு உயரமோ குழி அவ்வளவு ஆழம். இதில் இன்னொரு கூத்தும் உண்டு. உள்ளேயிருந்து பார்ப்பதால் கிழக்கும் மேற்கும் மாறிப்போகும். தென் அமெரிக்காவின் மேற்குக் கரையோரமாக ஏழாயிரம் கிலோமீட்டர் ஓடுகிற ஆண்டிஸ், எனக்கு வலது கைப்பக்கம் இருக்கும். பதினாறு வருடம் இப்படியே வெட்டிப் பழகியதில், ஆண்டிஸ் எங்கே என்று யாராவது கேட்டால் என் வலது கைதான் முதலில் நீளும்.

கல்யாணமான புதிதில் இதைக் கண்டுபிடித்த என் வீட்டுக்காரர் விழுந்து விழுந்து சிரித்தார். "மலை செய்யற பொண்ணுன்னு சொன்னாங்க. பார்த்தா குழி வெட்டறவ! அதுவும் தப்பான பக்கத்துல!" அன்றிலிருந்து வீட்டில் என் பெயர் குழிவெட்டி. "குழிவெட்டி, என் சட்டை எங்க?" "அடி குழிவெட்டி, கதவைச் சாத்து." கேட்கிறவர்கள் நான் சுடுகாட்டில் வேலை பார்க்கிறேன் என்று நினைத்திருப்பார்கள். எனக்குப் பொத்துக்கொண்டு வரும். கண்ட பெயரெல்லாம் வைத்துக் கூப்பிடாதீர்கள் என்று எத்தனையோ முறை கத்தியிருக்கிறேன்.

நான் சொல்லப்போவது நடந்தபோது, அந்தப் பெயரைக் கேட்டு ஏழு மாதம் ஆகியிருந்தது.

அவருக்குக் கப்பலில் வேலை. சரக்குக் கப்பல் இல்லை, பயணிகள் கப்பலும் இல்லை. கண்டம் விட்டுக் கண்டம் பேசுவதற்குக் கடலடியில் கம்பி போடுகிறார்களே, அந்தக் கப்பல். பத்தொன்பது வருடம் ஆழம் காட்டும் கருவியின் முன்னால் உட்கார்ந்திருந்தார். கருவி கடலுக்குள் ஒரு சத்தத்தை அனுப்பும். அது அடியில் மோதித் திரும்பி வர எவ்வளவு நேரம் ஆகிறது என்று பார்த்து, இத்தனை மீட்டர் ஆழம் என்று எண் காட்டும். அந்த எண்ணை அவர் கம்பி விடுகிற ஆட்களுக்குச் சொல்லிக்கொண்டே இருக்க வேண்டும். எண் தப்பினால் கம்பி இரண்டு மேடுகளுக்கு நடுவே அந்தரத்தில் தொங்கி அறுந்துவிடும். அவர் எண் தப்பியதில்லை.

பிறகு கண்ணுக்குள் அழுத்தம் ஏறி நரம்பு பட்டுப்போய்விட்டது. முதலில் ஓரங்கள் போயின, அப்புறம் நடுவும் போயிற்று. டாக்டர் கையை விரித்துவிட்டார். கப்பல்காரர்கள் ஒரு மாலை நேரக் கூட்டம் வைத்து, ஒரு கைக்கடிகாரம் பரிசு கொடுத்தார்கள். பார்வை போனவருக்குக் கடிகாரம் கொடுத்த அந்தப் புத்திசாலி யாரென்று இன்றுவரை எனக்குத் தெரியவில்லை. தெரிந்தால் நாலு கேள்வி கேட்காமல் விடமாட்டேன்.

அதற்கப்புறம் அவர் ஜன்னலோர நாற்காலியில் உட்கார்ந்தவர்தான். சாப்பிடுங்கள் என்றால் "ம்". குளிக்கிறீர்களா என்றால் "இருக்கட்டும்". வெளியே கொஞ்சம் நடந்துவிட்டு வரலாமா என்றால் பதிலே இல்லை. நான் அழுது பார்த்தேன், கத்திப் பார்த்தேன், ஒரு நாள் வீம்புக்கு நானும் பேசாமல் இருந்து பார்த்தேன். அன்று முழுக்க வீட்டில் குளிர்ப்பெட்டி மட்டும்தான் பேசியது. அவருடைய கண் திரும்பும் என்கிற ஆசையை நான் எப்போதோ விட்டுவிட்டேன். எனக்கு அந்த மனுஷன் திரும்பி வந்தால் போதும். தட்டில் வைத்ததில் பாதியைக்கூட அவர் சாப்பிடுவதில்லை. ஒவ்வொரு மாதமும் அவருடைய இடுப்புப் பட்டையில் நான் புதிதாக ஓர் ஓட்டை போட்டுக்கொண்டிருந்தேன். இப்படியே போனால் நாற்காலிதான் மிஞ்சும் என்று பயம் வந்துவிட்டது.

அந்தச் சமயத்தில்தான் பார்வையற்றோர் பள்ளி ஒன்றிலிருந்து எங்கள் பட்டறைக்கு வேலை வந்தது. அறுபது உருண்டைகள் வேண்டும். ஆனால் முதலில் ஒரு மாதிரி செய்து, பார்வை இல்லாத ஒருவரைத் தொட்டுப் பார்க்கச் சொல்லி, அவர் சொல்கிற திருத்தங்களைச் செய்து அனுப்ப வேண்டும். முதலாளியம்மா என்னைக் கூப்பிட்டு, "கண் தெரியாதவங்கன்னா எனக்கு உன் வீட்டுக்காரரைத்தான் தெரியும்," என்றார்.

எனக்குச் சுருக்கென்றது. அந்த வார்த்தையை யாரும் என் முகத்துக்கு நேரே சொன்னதில்லை. "அவர் தொடமாட்டாருங்கம்மா. ஒரு பேச்சும் இல்ல அவர்கிட்ட," என்றேன்.

"பேச்சு எதுக்கு? விரல் இருக்கில்ல?" என்றார் அவர். எதையும் பட்டென்று சொல்லிவிடுவார், மனசில் ஒன்றும் இருக்காது.

அன்றே மாதிரியை ஒட்டினோம். இரண்டு அச்சிலும் பிசின் ஊற்றி, காய்ந்ததும் இரண்டு அரை ஓடுகளை எடுத்துப் பசை போட்டுச் சேர்ப்பது எங்கள் முறை. மற்ற பட்டறைகளில் நடுக்கோட்டில் ஒட்டுவார்கள், மேல் பாதி, கீழ்ப் பாதி என்று. அப்படி ஒட்டினால் ஆண்டிஸ் இரண்டாக வெட்டுப்படும், ஆப்பிரிக்காவும் வெட்டுப்படும். எங்களுடையது நெட்டுவாக்கில். ஒரு பக்கம் அட்லாண்டிக் கடலின் நடுவே மேலிருந்து கீழ், மறுபக்கம் பசிபிக் கடல் வழியாக. ஒட்டைக் கடலில் போடு, மலையில் போடாதே என்பதுதான் பட்டறைச் சட்டம். கடல் வழுவழுப்பாக இருக்க வேண்டியது, ஒட்டுப் போட்ட இடத்தில் பிதுங்கிய பசையைத் தேய்த்துவிட்டால் அடையாளமே தெரியாது.

தேய்ப்பதற்கென்று ஒருவர் இருக்கிறார். எந்நேரமும் கையில் உப்புத்தாளோடு திரிவதால் அவர் பெயரே உப்புத்தாள். அன்று பார்த்து உப்புத்தாளுக்கு முதுகு பிடித்துக்கொண்டது, வரவில்லை. நானும் மலைகளைச் சரிபார்த்த அவசரத்தில் கடலை மறந்துபோனேன். மலைக்காரிக்குக் கடல் ஞாபகம் இருக்குமா? உருண்டையைத் துணியில் கட்டித் தூக்கிக்கொண்டு பஸ் ஏறிவிட்டேன்.

பஸ்ஸில் மடியில் வைத்துக்கொண்டதும் பக்கத்து அம்மாள் என் முகத்தையும் துணி மூட்டையையும் மாறி மாறிப் பார்த்தாள். "பூசணியா? இவ்வளவு பெருசா?"

"உலகம்," என்றேன்.

அவள் கொஞ்சம் தள்ளி உட்கார்ந்துகொண்டாள்.

வீட்டில் அவர் காலையில் விட்டுப்போன அதே இடத்தில், அதே வாக்கில் இருந்தார். மாலை வெயில் காலடியில் விழுந்திருந்தது. நான் துணியை அவிழ்த்து, உருண்டையை அவர் மடியில் வைத்தேன்.

"என்னங்க, எங்க பட்டறை உருண்டை. தொட்டுப் பார்த்துச் சொல்லணுமாம். பார்வை இல்லாத பசங்களுக்குப் போறது."

"இருக்கட்டும்."

"எது இருக்கட்டும்? மடியில இருக்கறதா?"

கைகள் இரண்டும் நாற்காலிக் கைப்பிடியில் செத்துக் கிடந்தன. எனக்கு வந்ததே கோபம்! "ஏங்க, ஏழு மாசமா நான் சுவத்தோட குடும்பம் நடத்தறேன். சுவராவது பூச்சு உதிர்த்துப் பதில் சொல்லுது. உங்களுக்கு நான் என்ன பாவம் பண்ணேன்?" என்று கத்திவிட்டு, அவருடைய வலது கையைப் பிடித்து இழுத்து உருண்டையின் மேல் அழுத்தினேன். "இந்தாங்க, பிடிங்க. இது ஆண்டிஸ். தென் அமெரிக்காவோட கிழக்குக் கரையில இருக்கு."

கோபத்தில் வாய் பழைய பழக்கத்துக்குப் போய்விட்டது. சத்தியமாக வேண்டுமென்று சொல்லவில்லை.

அவருடைய விரல் நின்றது. "மேற்கு," என்றார்.

"என்ன?"

"ஆண்டிஸ் மேற்குக் கரையில இருக்கு."

ஏழு மாதத்தில் அவர் சேர்ந்தாற்போலச் சொன்ன முதல் வாக்கியம் அது. நான் அசையவில்லை. அசைந்தால் எங்கே மறுபடி உள்ளே போய்விடுவாரோ என்று பயம். ஆனால் எனக்கும் புத்தி என்று ஒன்று இருக்கிறதே, அது சட்டென்று வேலை செய்தது. அவர் கையை மெல்லத் தூக்கி ஆப்பிரிக்காவின் வடமேற்கு மூலையில் வைத்தேன். "சரி, எனக்குக் கிழக்கு மேற்கு தெரியாது. இது ஆல்ப்ஸ்தானே?"

விரல் நுனி அந்த மடிப்புகளில் ஊர்ந்தது. "இது அட்லஸ். ஆல்ப்ஸ் கடலைத் தாண்டி மேல இருக்கு." அவரே கையை நகர்த்தினார். நான் நகர்த்தவில்லை, அவரே! மத்தியதரைக் கடலின் வழுவழுப்பில் வழுக்கி, இத்தாலியின் தலையில் வளைந்து கிடந்த ஆல்ப்ஸைத் தொட்டார். "இது. வில்லு மாதிரி இருக்கு பார்."

"அப்ப இது இமயமலை." காகசஸைக் காட்டினேன்.

"ரெண்டு பக்கமும் தண்ணி இருக்கே. கருங்கடல், காஸ்பியன். காகசஸ் இது. இத்தனை வருஷமா என்னத்த வெட்டின நீ?"

திட்டினார்! என் வீட்டுக்காரர் என்னைத் திட்டினார்! கண்ணில் தண்ணீர் முட்டிக்கொண்டு வந்தது. முந்தானையால் துடைத்துக்கொண்டு, இன்னும் பெரிய பெரிய தப்பாகச் சொன்னேன். யூரல் மலையை ஆஸ்திரேலியா என்றேன். அது ஐரோப்பாவையும் ஆசியாவையும் வகிடு எடுத்தது மாதிரி பிரித்து வடக்குத் தெற்காகப் போகிறது என்றார். ஆஸ்திரேலியாவின் கிழக்கு ஓரத்து நீண்ட தொடரை ராக்கி என்றேன், தலையில் அடித்துக்கொண்டார். ராக்கி வட அமெரிக்காவின் மேற்கில் என்று உருண்டையைத் திருப்பிக் காட்டினார். கடைசியில் இமயமலைக்கு அவரே வந்தார். கை அங்கே வெகுநேரம் இருந்தது.

"இவ்வளவு உயரமா?"

"உயரத்தை இருபது மடங்கு கூட்டித்தான் வெட்டுவோம். உள்ளபடி வெட்டினா இந்த உருண்டையில இமயமலை நகத்தோட கனம்தான் வரும்."

"நகத்தோட கனமா?" அவர் கட்டைவிரல் நகத்தை ஆள்காட்டி விரலால் தடவிப் பார்த்தார். "உலகத்துலயே உசந்தது... நகத்தோட கனம்." அதைச் சொன்ன குரலில் ஒரு வியப்பு இருந்தது. நான் பதினாறு வருடமாக அந்தக் கணக்கைத் தெரிந்து வைத்திருந்தேன், ஒரு நாளும் நின்று யோசித்ததில்லை. அவர் சொல்லிக் கேட்டபோதுதான் என் உடம்பு சிலிர்த்தது. அவ்வளவு பெரிய பூமியா நாம் நிற்பது!

அப்போதுதான் அது நடந்தது. அவர் கை ஐரோப்பாவைத் தாண்டி அட்லாண்டிக்கில் இறங்கியது. வழுவழுவென்று போன விரல் ஓரிடத்தில் தட்டுப்பட்டு நின்றது.

ஒட்டு! தேய்க்காமல் விட்ட ஒட்டு. அடிப்பாவி, கடலின் நடுவே இவ்வளவு பெரிய தழும்பை விட்டுவிட்டா மாதிரியைத் தூக்கிக்கொண்டு வந்தாய் என்று என்னையே திட்டிக்கொண்டேன்.

அவர் விரல் அந்தக் கோட்டின் மேலேயே மேலும் கீழும் போயிற்று. வடக்கே ஐஸ்லாந்து வரை போய், திரும்பித் தெற்கே இறங்கியது.

"இதைப் போட்டிருக்கியா?"

நான் வாயைத் திறப்பதற்குள் அவரே சொன்னார்: "யாரும் போடமாட்டாங்களே இதை. எந்த உருண்டையிலயும் நான் பார்த்ததில்ல. உனக்கு எப்படித் தெரியும்?"

"எது?"

"இதுதான் நான் வேலை பார்த்த மலை."

என் வீட்டுக்காரர் மலையில் வேலை பார்த்தார் என்பதே எனக்கு அன்றுதான் தெரியும். கப்பல், கடல், எண் என்று நினைத்துக்கொண்டிருந்தேன். அவர் பேச ஆரம்பித்தார். அட்லாண்டிக்கின் அடியில் ஒரு மலைத்தொடர் இருக்கிறது, வடக்கிலிருந்து தெற்குவரை. அதோடு நிற்கவில்லை, ஆப்பிரிக்காவுக்குக் கீழே வளைந்து இந்தியப் பெருங்கடலுக்குள் போய், பசிபிக்குள் போய், பந்தின் தையல் மாதிரி பூமியைச் சுற்றி ஓடுகிறது. மொத்தம் அறுபத்தையாயிரம் கிலோமீட்டர். ஒன்பது ஆண்டிஸை வரிசையாகப் படுக்க வைத்தாலும் போதாது. பூமியிலேயே நீளமான மலைத்தொடர் அதுதான். ஐஸ்லாந்து மாதிரி ஒரு சில இடங்களில் மட்டும் தலையை வெளியே நீட்டுகிறது.

"கம்பி விடும்போது கப்பல் சைக்கிள்ல போறவன் வேகத்துலதான் போகும். ஐயாயிரத்து ஐந்நூறுன்னு காட்டிட்டிருக்கிற எண் மெல்லக் குறைய ஆரம்பிக்கும். அஞ்சாயிரம். நாலாயிரத்து எண்ணூறு. ஒரு நாள் போயிடும். நாலாயிரம். இன்னொரு நாள். மூவாயிரம். வெளிய பார்த்தா வெறும் தண்ணி, ஒரு பறவைகூட இருக்காது. ஆனா எனக்குத் தெரியும், நாங்க ஒரு மலை மேல ஏறிட்டிருக்கோம்னு. ரெண்டாயிரத்து ஐந்நூறு வந்ததும் உச்சி. உடனே பொசுக்குனு ஆயிரம் மீட்டருக்கு மேல இறங்கும். நடு முதுகுல ஒரு பள்ளம். அங்கதான் பூமி பிளந்து, புதுத் தரை உண்டாகுது. மறுபடி ஏறி, அப்புறம் அந்தப் பக்கம் இறங்கணும். முழுசாத் தாண்ட ஆறு நாள் ஆகும். கப்பல்ல மத்தவங்கல்லாம் சீட்டு ஆடிட்டிருப்பாங்க. நான் மட்டும் மலையேறிட்டு இருப்பேன்."

சொல்லிக்கொண்டே அவர் விரல் அந்தப் பசைத் தழும்பின் மேல் ஏறி இறங்கியது. நான் தரையில் உட்கார்ந்து வாய் பிளந்து கேட்டுக்கொண்டிருந்தேன். உலகத்து மலைகளெல்லாம் அத்துப்படி என்று பீற்றிக்கொண்டவள் நான். எல்லாவற்றிலும் பெரியதை ஒவ்வொரு உருண்டையிலும் உப்புத்தாள் போட்டுத் தேய்த்து அனுப்பியிருக்கிறோம்.

"எனக்காகவா போட்ட?" என்று கேட்டார்.

என்ன சொல்வேன்? அந்த முகத்தைப் பார்த்துக்கொண்டு, அது மலை இல்லைங்க, பசை என்று எந்த வாயால் சொல்வது?

"ஆமா," என்றேன்.

அன்று அவர் தட்டில் வைத்த முழுவதையும் சாப்பிட்டார். இன்னும் கொஞ்சம் வை என்றார். நாளைக்குப் பட்டறைக்கு வருகிறேன், ஒரு விஷயம் சொல்ல வேண்டும் என்றார். எனக்குச் சந்தோஷமும் பயமும் ஒன்றாக வந்தது.

காலையில் குளிக்கும்போதே நினைப்பு பட்டறைக்குப் போய்விட்டது. உப்புத்தாள் வந்திருந்தால்? முன்கூட்டியே போய் அவர் வாயை அடைக்கலாமென்றால், வீட்டுக்காரரைப் பட்டறைக்கு அழைத்துவர வேறு ஆள் இல்லை. பஸ்ஸில் அவர் மடியில் உலகத்தை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். ஏழு மாதத்தில் முதல் முறையாக வெளிக்காற்று அவர் முகத்தில் பட்டது. நான் அவர் தோளைப் பிடித்துக்கொண்டு, உப்புத்தாளுக்கு இன்னும் முதுகு பிடித்திருக்க வேண்டும் என்று வேண்டிக்கொண்டே வந்தேன். பாவம்தான், எனக்கு வேறு வழி தெரியவில்லை.

வாசலில் நுழைந்ததும் எதிரே நின்றது உப்புத்தாளேதான். முதுகெல்லாம் நன்றாக நிமிர்ந்திருந்தது. நான் கண்ணைக் காட்டினேன், உதட்டைக் கடித்தேன், கையை ஆட்டினேன். அந்த மனுஷனுக்கு உருண்டையைத் தவிர வேறொன்றும் கண்ணில் படவில்லை.

"அடக் கடவுளே! ஒட்டைத் தேய்க்கவே இல்லையா? ஒரு நாள் லீவு போட்டா இப்படியா? கடல் நடுவுல என்னம்மா இது, பசை பிதுங்கிக் கிடக்கு! குடுங்க இப்படி, ரெண்டு நிமிஷத்துல வழிச்சுத் தள்ளிடறேன்."

சத்தம் கேட்டு முதலாளியம்மா அறையிலிருந்து எட்டிப் பார்த்தார். என் வீட்டுக்காரர் உருண்டையை மார்போடு சேர்த்துப் பிடித்திருந்தார். அவர் முகத்தைப் பார்க்க எனக்குத் தைரியம் வரவில்லை. முடிந்தது. இனி அந்த நாற்காலிதான், "ம்"தான், "இருக்கட்டும்"தான். அதற்குமேல் என்னால் அடக்க முடியவில்லை.

"என்னங்க, நான் பொய் சொல்லிட்டேன். அது பசைதான். எனக்கு அந்த மலையைப் பத்தி ஒண்ணும் தெரியாது. நீங்க பேசினீங்களா, அதனால..."

"தெரியும்," என்றார்.

"என்ன தெரியும்?"

"காலையில நீ குளிக்கப் போனப்ப மறுபக்கமும் தடவிப் பார்த்தேன். பசிபிக்லயும் இதே கோடு ஓடுது. அந்த இடத்துல மலை கிடையாது. அப்புறம் இது ரொம்ப நேரா வேற இருக்கு. மலை எங்க நேராப் போகும்?"

"தெரிஞ்சும் ஏங்க கிளம்பி வந்தீங்க?"

அவர் உருண்டையை இன்னும் இறுக்கிக்கொண்டார். பிறகு மெல்லச் சொன்னார்: "உனக்குப் பொய் சொல்ல வராது. ஒரு தடவை கண்ணாடி டம்ளரை உடைச்சிட்டு, நான் கேக்கறதுக்கு முன்னாடியே ஒத்துக்கிட்ட. அப்பேர்ப்பட்டவ ஒரு பசைக் கோட்டுக்காகப் பொய் சொல்றேன்னா, நான் உன்னை எந்த நிலைமையில வச்சிருந்திருக்கேன்னு யோசிச்சேன். எனக்கு வெக்கமாப் போச்சு."

நான் பட்டறை நடுவே, எல்லோரும் பார்க்க, ஓவென்று அழுதுவிட்டேன். உப்புத்தாள் என்ன செய்வதென்று தெரியாமல் என்னிடம் உப்புத்தாளை நீட்டினார், முகம் துடைத்துக்கொள்ள.

என் வீட்டுக்காரர் முதலாளியம்மாவின் குரல் வந்த திசைக்குத் திரும்பினார். "அம்மா, உங்க மலையெல்லாம் விரலுக்கு நல்லாத் தெரியுது. ஆனா ஒண்ணு விட்டுப்போச்சு. இந்த ஒட்டைத் தேய்ச்சுடுங்க. அசல் மலை பக்கத்துலயே இருக்கு. வடக்குல இந்தக் கோட்டுக்கு மேற்கே ரெண்டு விரல், கீழ வர வர நாலஞ்சு விரல். பூமியோட நடுக்கோட்டைத் தாண்டினதும் இந்த ஒட்டைக் கடந்து கிழக்கே வரும். ரெண்டு பக்கத்துக் கரையும் எப்படி வளையுதோ அப்படியே வளையும். அதைப் போட்டாத்தான் உருண்டை முழுசாகும்."

முதலாளியம்மா யோசித்தார். "கடலுக்கு அடியில இருக்கறதை மேல புடைப்பா விட்டா, பசங்க அதையும் நிலம்னு நினைச்சுக்குவாங்களே?"

"அப்ப புள்ளியா வையுங்க. நிலத்து மலை வரம்பா இருக்கட்டும், கடல் மலை புள்ளி புள்ளியா இருக்கட்டும். நாங்க ஆழம் பார்க்கறதும் புள்ளி புள்ளியாத்தான்."

"எல்லாம் சரிங்க. பார்வை இல்லாம, ஞாபகத்துல இருந்தே எப்படி இடம் சொல்லுவீங்க?" என்று கேட்டுவிட்டு, கேட்டிருக்கக் கூடாதோ என்று முதலாளியம்மாவே நாக்கைக் கடித்துக்கொண்டார்.

அவருக்குக் கோபம் வரவில்லை. "அந்த ஆழத்துக்கு வெயில் போகாதும்மா. ஆயிரம் மீட்டருக்குக் கீழ எப்பவும் கும்மிருட்டுதான். அந்த மலையை முழுசா யார் பார்த்திருக்கா? கண்ணு இருந்தப்பவும் நான் பார்த்ததில்ல. அது விஷயத்துல நீங்களும் நானும் ஒண்ணுதான்."

அப்பேர்ப்பட்ட மலை, பூமியைச் சுற்றி இருட்டில் நிற்கிறது, உண்டான நாளிலிருந்து வெயிலே படாமல். அதன் மேலே ஆறு நாள் ஏறி இறங்கியவர் எங்கள் எதிரே, தொளதொளத்த சட்டையில், இடுப்புப் பட்டையில் ஏழு ஓட்டைகளோடு நின்றார். முதலாளியம்மா போய், அவருக்கு ஒரு முக்காலியைத் தூக்கிவந்து என் மேஜையருகே போட்டார். பள்ளிக்கும் கையோடு கையாகப் போன் செய்து கேட்டார். வரைபடத்தோடு ஒப்பிட்டுச் சரிபார்த்துப் போடுங்கள் என்றார்கள். வரைபடத்தை எடுத்து விரித்துப் பார்த்தோம். அவர் சொன்ன வளைவு விரல் கணக்கில் அப்படியே இருந்தது.

நான் அச்சுக் கிண்ணத்தை மேஜையில் ஏற்றி, கூர் ஊசியை எடுத்துக்கொண்டேன். அவர் கையை உள்ளே விட்டுத் தடவிப் பார்த்தார்.

"என்னடி இது, ஆண்டிஸ் நெஜமாவே குழியா இருக்கு!"

"அச்சுன்னா அப்படித்தான் இருக்கும். நீங்க எண்ணைச் சொல்லுங்க. எண் குறைஞ்சா நான் ஆழமாக் குத்தணும்."

"ஐஸ்லாந்துக்குக் கொஞ்சம் தெற்கே ஆரம்பி. ரெண்டாயிரம். கொஞ்சம் மேற்கே வா. ரெண்டாயிரத்து நானூறு. இன்னும் மேற்கே."

குத்தினேன். அவர் விரல் என் ஊசியின் பின்னாலேயே வந்து, குத்திய புள்ளியைத் தொட்டுப் பார்த்தது. அடுத்த புள்ளி. அடுத்தது. நாலாவது புள்ளியில் அவர் விரல் சடக்கென்று நின்றது. குழிகளைத் தடவினார், திரும்பத் தடவினார்.

"மேற்கேன்னு சொன்னேன். நீ எங்க போற?"

"மேற்கேதான் போறேன். அச்சுல மேற்கு வலது பக்கம். பதினாறு வருஷமா வெட்டறேன், எனக்குத் தெரியாதா?"

"அப்ப இதுல மட்டும் நீ சரியா?"

"இதுல மட்டும் நான் சரி!"

அவர் சிரித்தார். பழைய சிரிப்பு, கல்யாணமான புதிதில் சிரித்த அதே சிரிப்பு, தோள் குலுங்க. உப்புத்தாள்கூட வேலையை நிறுத்திவிட்டுத் திரும்பிப் பார்த்தார்.

"சரி, ஒழுங்காக் குத்து," என்றார் அவர், என் கை எங்கே என்று தேடி அதன் மேல் தன் கையை வைத்துக்கொண்டு. "அடுத்தது ரெண்டாயிரத்து அறுநூறு. மெதுவா, குழிவெட்டி."